பணியாரக் கல்லில் பூரணக் காளான்

குழிப்பணியாரக் கல்லின் ஒரு குழியில் ஒரு பட்டன் காளான் கச்சிதமாக உட்காரும். யாரோ அளவெடுத்து வார்த்த மாதிரி இருக்கும். காம்பை மெல்ல முறுக்கி எடுத்துவிட்டு, குடையைக் கவிழ்த்து, எண்ணெய் விடாமல் அந்தக் குழியில் வைத்துப் பாருங்கள். முதல் இரண்டு நிமிஷம் ஒன்றும் நடக்காது. பிறகு சன்னமாகச் சீறும். காளான் தண்ணீர் விடத் தொடங்கிவிட்டது என்று அர்த்தம். அந்தத் தண்ணீரை என்ன செய்கிறோம் என்பதில்தான் இந்தப் பலகாரம் தேறுவதும் தேறாததும் இருக்கிறது.

பெருநகர உணவகங்களின் மெனு அட்டையில் இதற்குப் பெயர் 'ஏசியன் ஸ்டைல் வீகன் ஸ்டஃப்டு மஷ்ரூம்'. தட்டில் ஆறு காளான், நடுவில் ஒரு கிண்ணத்தில் வேர்க்கடலைச் சாஸ், மேலே நாலு எள். பெயரைக் கேட்டால் கப்பலில் வந்து இறங்கிய சரக்கு போலத் தோன்றும். உள்ளே போவதை ஒவ்வொன்றாக எழுதிப் பார்த்தால், தருமபுரி மாவட்டம் பொம்மிடியின் மளிகைக் கடையும் காட்டு வரப்பும் கண்ணுக்குத் தெரிகின்றன.

பொம்மிடி, சேலத்துக்கும் ஜோலார்பேட்டைக்கும் இடையில் ரயில் நின்று போகும் ஊர். சேர்வராயன் மலைத்தொடர் பக்கத்திலேயே. பாப்பிரெட்டிப்பட்டி வட்டத்தில் மரவள்ளியும் நிலக்கடலையும் கரும்பும் விளைகின்றன. சித்தேரி மலைப்பக்கம் ஏறினால் சாமையும் கேழ்வரகும். சாலையோரமெல்லாம் புளியமரம். மாசி, பங்குனியில் புளி உலுக்கி, ஓடு தட்டி, கொட்டை எடுக்கும் வேலை தருமபுரி, கிருஷ்ணகிரி வட்டாரத்தில் எத்தனையோ வீடுகளுக்குக் கைச்செலவுக்குக் காசு தரும் வேலை. தாய்லாந்து, மலேசியா, இந்தோனேசியச் சமையலின் புளிப்பும் பெரும்பாலும் இதே புளியிலிருந்து வருவதுதான். இந்தோனேசியாவில் அதற்கு 'அசாம் ஜாவா' என்று பெயர். மரத்தின் பூர்வீகம் ஆப்பிரிக்கா. அரேபியர்கள் இட்ட பெயரோ 'தமர் ஹிந்தி', இந்தியப் பேரீச்சை. ஆக, இந்தப் பதார்த்தத்துக்காக பொம்மிடிக்காரர் வெளியே தேட வேண்டியவை சோயா சாஸ், வேண்டுமானால் டோஃபு, பிறகு காளான்.

காளான் விஷயத்தில் நம் பக்கத்துப் பெரியவர்களுக்கு ஒரு தயக்கம் உண்டு. பொட்டலத்தில் பச்சைப் புள்ளி இருந்தாலும், விரத நாளில் அதை அடுப்படிக்குள் விடாத வீடுகள் இன்னும் இருக்கின்றன. மனுதர்ம சாஸ்திரம் பூண்டு, வெங்காயத்தோடு சேர்த்துக் காளானையும் விலக்கிய பட்டியலில் வைத்தது; சமணர்களும் சாப்பிடுவதில்லை. சங்கப் பாட்டில் அது வரும் இடம் இன்னும் சங்கடமானது. புறநானூற்றின் 164ஆம் பாட்டில், குமணனைத் தேடி வந்த பெருந்தலைச் சாத்தனார் தன் வீட்டு வறுமையைச் சொல்லும்போது, சமைப்பதையே மறந்துபோன அடுப்பில் ஆம்பி பூத்திருக்கிறது என்கிறார். ஆம்பி என்றால் காளான். அடுப்பில் காளான் என்பது அன்று பசியின் அடையாளம். இன்று அடுப்பில் காளானைப் பார்க்கிற வீட்டில் யாரும் அப்படி நினைப்பதில்லை.

'வீகன்' என்ற சொல்லுக்குத் தமிழில் 'நனிசைவம்' என்று ஒரு பெயர் வைத்திருக்கிறார்கள். 1944இல் இங்கிலாந்தில் டொனால்ட் வாட்சனும் நண்பர்களும் சங்கம் தொடங்கியபோது பிறந்த சொல் வீகன். நம் சைவத்தில் பால், தயிர், நெய், தேன் எல்லாம் உண்டு. நனிசைவத்தில் இவை எதுவும் கிடையாது. இந்திய உணவுப் பாதுகாப்பு ஆணையம் 2022இல் இதற்கெனத் தனி விதிமுறை கொண்டுவந்து, பச்சை நிறத்தில் ஒரு முத்திரையும் கொடுத்தது. தருமபுரிப் பக்கத்துச் சாதாரணச் சாப்பாட்டை எடுத்துக்கொண்டால், கேழ்வரகுக் களி, கீரைக் கடைசல், புளிக்குழம்பு, கடலைச் சட்னி எல்லாமே மோர் ஊற்றும்வரை நனிசைவம்தான். அந்தப் பேர் அதற்குத் தெரியாது, அவ்வளவே.

எந்தக் காளானை வாங்குவது? தமிழ்நாட்டில் சாகுபடியாகிக் கைக்கு வருவது பெரும்பாலும் மூன்று வகை. கடைக் குளிர்பெட்டியில் 200 கிராம் பொட்டலமாக இருப்பது பட்டன், அதாவது மொட்டுக் காளான். இது குளிர் கேட்கும் ஜாதி; மொட்டு விட 14 முதல் 18 டிகிரி வெப்பம் வேண்டும். ஊட்டியில் இயற்கையாகக் கிடைக்கிற அந்தக் குளிரைச் சமவெளியில் இயந்திரம் வைத்துத்தான் உண்டாக்க முடியும். இரண்டாவது சிப்பிக் காளான். வேகவைத்த வைக்கோலையும், சோளத்தில் வளர்த்த காளான் வித்தையும் பாலித்தீன் பைக்குள் அடுக்கடுக்காகப் போட்டு, ஓலைக் கொட்டகையில் தொங்கவிட்டு வளர்ப்பது. ஒன்றரை மாதத்தில் ஒரு பை தன் அறுவடையை முடித்துவிடும். மூன்றாவதுதான் நம் வெயிலுக்கென்றே பிறந்தது போன்ற பால் காளான். இதை 1974இல் மேற்கு வங்கத்தில் புர்காயஸ்தா, சந்திரா என்ற இரு ஆய்வாளர்கள் புதிய இனமாக விவரித்தார்கள். வணிகச் சாகுபடிக்குக் கொண்டுவந்த பெருமை தமிழ்நாட்டுக்கு. 1998இல் தமிழ்நாடு வேளாண்மைப் பல்கலைக்கழகம் 'ஏ.பி.கே. 2' ரகத்தை வெளியிட்டது. அந்தப் பெயரில் இருப்பது அருப்புக்கோட்டை. 30 முதல் 35 டிகிரி வரை வெயிலடித்தாலும் அது பாட்டுக்கு முளைக்கும், பறித்த பிறகும் சிப்பியைவிட அதிக நாள் தாங்கும்.

பூரணம் வைக்க மொட்டுக் காளான்தான் தோது. குடைக்குள் இயற்கையாகவே குழி இருக்கிறது. பால் காளானைச் சின்னதாக, குடை விரியும் முன்பே பறித்ததாக வாங்கினால் அதுவும் ஒத்துவரும். சதை கெட்டி, அடியில் கரண்டி முனையால் கொஞ்சம் குடைய வேண்டும். சிப்பிக் காளான் தட்டை. அதில் எதையும் வைத்து நிரப்ப முடியாது. ஆனால் பொடியாக நறுக்கிப் பூரணத்துக்குள் போட அதை விட்டால் வேறு இல்லை. பொம்மிடி போன்ற ஊரில் நேற்று பறித்த சிப்பிக் காளான் கிடைத்தால், நாலு நாளாகக் குளிர்பெட்டியில் வியர்த்துக்கொண்டிருக்கும் மொட்டுக் காளானைவிட அதற்குத்தான் மரியாதை தர வேண்டும். மாவட்டத்தில் பாப்பாரப்பட்டி வேளாண் அறிவியல் நிலையம் இருக்கிறது. வளர்க்க ஆசைப்படுபவர்கள் விசாரிக்க வேண்டிய இடம் அது.

மழைக்குப் பிறகு காட்டில் முளைக்கிற புற்றுக் காளானின் ருசி தனி. இடி இடித்தால் காளான் முளைக்கும் என்று தேடிப் போவார்கள். கறையான்கள் புற்றுக்குள் தங்கள் சாப்பாட்டுக்காக வளர்க்கிற பூஞ்சையின் தலைதான் வெளியே எட்டிப் பார்ப்பது. அது கொட்டகையில் வளராது. தெரிந்தவர் பறித்துத் தந்தால் ஒழிய, வேலியோரம் கண்டதைப் பிடுங்கிச் சமைப்பது விபரீதம். வெள்ளிக் காசு கறுத்தால் விஷம், பூச்சி அரித்திருந்தால் நல்லது என்பதெல்லாம் நம்பக்கூடாத சோதனைகள்.

இனி அந்தத் தண்ணீர். காளானின் எடையில் ஏறக்குறைய 90 சதவீதம் தண்ணீர். அதனால் கழுவவே கூடாது, துணியால் துடைத்தால் போதும் என்று சமையல் புத்தகங்கள் பயமுறுத்தும். ஹரால்ட் மெக்கீ என்ற அமெரிக்கச் சமையல் அறிவியல் எழுத்தாளர் காளானை ஊறவைத்து எடை போட்டுப் பார்த்தார். அது குடித்த தண்ணீர் மிகச் சொற்பம். ஆகவே மண் போகக் கழுவலாம், உடனே துணியில் ஒற்றிவிட வேண்டும். வம்பு வெளியே இருந்து வரும் தண்ணீரால் இல்லை, உள்ளே இருக்கிற தண்ணீரால். பச்சைக் காளானில் பூரணத்தை அடைத்து அப்படியே வேகவைத்தால், அடியில் ஊறும் நீரில் பூரணம் மிதக்கும். கடித்தால் சூடான சாறு தாடையில் வழியும். பல உணவகத் தட்டுகளில் நடப்பது இதுதான்.

வைத்தியம் எளிது. வெறும் குடையை முதலில் கவிழ்த்து வைத்து வாட்டுவது. மூன்று, நான்கு நிமிஷத்தில் குழியில் நீர் சேரும், குடை சற்றே சுருங்கி, விளிம்பு பழுப்பாகும். இடுக்கியால் எடுத்து, உள்ளே தேங்கியதை ஒரு கிண்ணத்தில் வடித்துக்கொள்ள வேண்டும். கல்லின் குழியில் கிடப்பதையும் அதே கிண்ணத்தில் சேர்த்துவிடலாம். கொட்டிவிட வேண்டாம். இந்தக் கட்டத்தில் உப்புப் போடக் கூடாது. உப்பு இன்னும் நீரை இழுக்கும். அதிகம் வாட்டிவிட்டோமோ என்று பதற வேண்டியதும் இல்லை. காளானின் செல் சுவர் கைட்டின் என்ற பொருளால் ஆனது. இறால் ஓட்டில் இருப்பதும் அதுதான். காய்கறியின் சுவர் வெந்தால் குழைந்துவிடும், கைட்டின் அசைந்து கொடுக்காது. கத்தரிக்காய் அஞ்சு நிமிஷம் அதிகமானால் கூழ். காளான் இருபது நிமிஷம் அதிகமானாலும் கடிபடும்.

பூரணம் என்ற சொல்லைத் தெரிந்துதான் பயன்படுத்த வேண்டியிருக்கிறது. கொழுக்கட்டைக்குள் இருப்பது பூரணம், எண்ணெய்க் கத்தரிக்காயைக் கீறி மசாலா அடைப்பதும், பாகற்காயை நூலால் கட்டி வதக்குவதும் அதே கைவேலை. கிழக்கே போனால் ஹக்கா சீனர்களின் 'யோங் தாவ் ஃபூ' இருக்கிறது. டோஃபு, வெண்டைக்காய், கத்தரிக்காய், மிளகாய் எல்லாவற்றையும் கீறி மீன் விழுதை அடைத்து வேகவைப்பார்கள். கோலாலம்பூரை ஒட்டிய அம்பாங் அதற்குப் பேர்போன இடம். மலேசியா, சிங்கப்பூர்த் தமிழர்களுக்கும் பழகிய சாப்பாடு. சீனாவிலும் ஜப்பானிலும் ஷீட்டாக்கே காளானின் குடைக்குள் கொத்துக்கறியோ இறாலோ வைப்பது வழக்கம்.

அங்கேதான் நனிசைவக்காரர் கண்ணைத் திறந்து வைத்துக்கொள்ள வேண்டும். கிழக்காசிய ருசி என்று நாம் நினைப்பதில் பாதி கடலிலிருந்து வருகிறது. தாய்லாந்துக் குழம்பில் மீன் சாஸ், மலாய்ச் சம்பலில் இறால் விழுது, சீன வதக்கலில் சிப்பிச் சாஸ். பாட்டிலின் படத்தில் காய்கறி சிரித்துக்கொண்டிருக்கும்; பின்பக்கப் பொடி எழுத்தில் சிப்பிச் சாறு உட்கார்ந்திருக்கும். கலவைச் சாஸ்களில் தேன் ஒளிந்திருப்பதும் உண்டு. சோயா சாஸ் மட்டும் பொதுவாக ஆபத்தில்லாதது: சோயாவும் கோதுமையும் உப்பும் நொதித்த சாறு. கோதுமை ஆகாதவர்களுக்கு அதிலும் கவனம் வேண்டும்.

மீனும் இறாலும் இல்லாமல் அந்த அடிநாக்கு ருசி எப்படி வரும்? டோக்கியோவின் வேதியியல் பேராசிரியர் கிகுனே இகேடா 1908இல் கடற்பாசிக் கொதிநீரிலிருந்து குளுட்டமேட்டைப் பிரித்து, அந்தச் சுவைக்கு 'உமாமி' என்று பேரிட்டார். 1957இல் அகிரா குனினாகா என்ற இன்னொரு ஜப்பானியர் உலர்ந்த ஷீட்டாக்கே காளானின் ருசிக்குக் காரணம் குவானிலேட் என்ற பொருள் என்று காட்டினார். இரண்டும் ஒன்றாகச் சேரும்போது சுவை கூட்டல் கணக்கில் ஏறாது, பெருக்கல் கணக்கில் ஏறும் என்று கண்டதும் அவர்தான். குளுட்டமேட் சோயா சாஸில் இருக்கிறது, நன்றாகப் பழுத்த தக்காளியில் இருக்கிறது. பாலக்கோடு தக்காளி இரண்டைச் சாறு வற்றும்வரை வதக்கிச் சேர்த்தால் பாதி வேலை முடிந்தது. மீதிக்குச் சிப்பிக் காளானைக் கிழித்து வெயிலில் மொடமொடவென்று காயவைத்துப் பொடித்து ஒரு டப்பாவில் வைத்துக்கொள்ளலாம். குழம்பு, ரசம் எதில் ஒரு சிட்டிகை போட்டாலும் தெரியும்.

ஒரு பொட்டலத்தில் பன்னிரண்டு முதல் பதினைந்து காளான் இருக்கும். முறுக்கி எடுத்த காம்புகளைப் பொடியாக அரிந்து, கைப்பிடி சிப்பிக் காளானோடு காய்ந்த வாணலியில் அடுப்பைக் கூட்டி வைத்து வதக்க வேண்டும். சட்டியில் நீர் கசிந்து, வற்றி, காளான் மறுபடி சீறும்வரை. பிறகு ஒரு கரண்டி எண்ணெய், துருவிய இஞ்சி, இரண்டு பல் பூண்டு, ஒரு பச்சை மிளகாய், வெங்காயத்தாள். அரைக் கிண்ணம் உதிரியாக வடித்த சாமைச் சோறு. ஒரு மேசைக்கரண்டி சோயா சாஸ். டோஃபு கிடைத்தால் பிழிந்து உதிர்த்துப் போடலாம். கிடைக்காவிட்டால் ஊறவைத்துப் பிழிந்து அரைத்த மீல் மேக்கர். எல்லாம் ஒட்டிப் பிடிக்க மேல்நாட்டுக்காரர்கள் முட்டையும் சீஸும் போடுவார்கள். இங்கே இரண்டு தேக்கரண்டி மரவள்ளி மாவு போதும். சூட்டில் அது பசையாகிப் பூரணத்தைக் கட்டிவிடும். 1981இல் சேலத்தில் உருவான 'சேகோசர்வ்' கூட்டுறவுச் சங்கம் விற்றுக் கொடுப்பது இந்தக் கிழங்கின் மாவையும் ஜவ்வரிசியையும்தான்.

எண்ணெய் விஷயத்தில் ஒரு சின்ன ஏமாற்று இருக்கிறது. சீன, கொரியச் சமையல் குறிப்பில் எள்ளெண்ணெய் என்றிருப்பதைப் பார்த்து நல்லெண்ணெயை ஊற்றிவிட்டு, அந்த மணம் வரவில்லையே என்பவர்கள் உண்டு. நம் செக்கில் ஆட்டுவது வறுக்காத எள்; அவர்களுடையது நன்றாக வறுத்துப் பிழிந்தது. நிறமும் மணமும் வேறு. அந்தப் பாட்டிலுக்காகச் சேலம் போக வேண்டாம். ஒரு கரண்டி எள்ளைப் பொன்னிறமாக வறுத்து, சூட்டோடு உரலில் நசுக்கிக் கடைசியில் தூவினால் அந்த மணம் வந்துவிடும்.

வடித்து வைத்த குடைகளை இப்போது குழிப்பக்கம் மேலே இருக்கும்படி, எள் அளவுக்கு எண்ணெய் தொட்ட குழிகளில் உட்காரவைத்து, பூரணத்தைக் குவியலாக அழுத்தி வைத்து, மூடி போட்டு, சிறு தீயில் ஐந்து நிமிஷம். மூடியைத் திறந்து இன்னும் ஒரு நிமிஷம் விட்டால் அடிப்பக்கம் முறுகும். இட்லிப் பானையில் ஆவியில் வைப்பவர்களும் இருக்கிறார்கள். சீன டிம்சம் போல மெத்தென்று வரும். ஆனால் ஆவி நீர் மேலிருந்து சொட்டுவதால் கல்லில் வைத்ததன் கடி கிடைக்காது. பணியாரக் கல் பக்கம்தான் சாய வேண்டியிருக்கிறது.

சத்துக் கணக்கையும் கொஞ்சம் நேர் செய்யலாம். காளான் கறிக்கு ஈடு என்று விளம்பரங்கள் சொல்வது மிகை. பச்சைக் காளான் நூறு கிராமில் புரதம் இரண்டு மூன்று கிராம்தான். ஈடு செய்வது டோஃபுவும் கடலையும் சோயாவும். பி12 வைட்டமினுக்கும் நனிசைவக்காரர்கள் காளானை நம்பக் கூடாது. மற்றபடி ஒரு விசேஷம் உண்டு: நறுக்கிய காளானை உச்சி வெயிலில் கொஞ்ச நேரம் வைத்தால், அதிலுள்ள எர்கோஸ்டெரால் வைட்டமின் டி2 ஆக மாறும். தருமபுரி மாவட்டத்தில் வெயிலுக்குப் பஞ்சமில்லை. இதெல்லாம் உண்மையான காளானைச் சாப்பிட்டால்தான். கோவையில் பேர்வாங்கி ஊர் ஊராகப் பரவிய ரோட்டுக்கடைத் தட்டுக் 'காளானில்' பெரும்பகுதி முட்டைக்கோசும் மைதாவும். ருசி அபாரம், அதில் சந்தேகமில்லை. வைட்டமின் பேச்சை மட்டும் அங்கே எடுக்கக் கூடாது.

கடைசியாகச் சாஸ். இந்தோனேசிய, மலாய் 'சாத்தே'க்குத் தொட்டுக்கொள்ளும் வேர்க்கடலைச் சாஸ், நம் கடலைச் சட்னிக்குத் தூரத்துச் சொந்தம். தோல் நீக்கிய வறுகடலை இரண்டு கைப்பிடி, ஊறவைத்த காய்ந்த மிளகாய் நாலு, ஒரு துண்டு இஞ்சி, சின்ன வெங்காயம் ஐந்தாறு. கொரகொரப்பாக அரைத்து எண்ணெயில் வதக்கி, நெல்லிக்காய் அளவு புளியின் கரைசல், புளிப்பை அடக்க ஒரு துண்டு வெல்லம், அரைக் கிண்ணம் தேங்காய்ப்பால். அவர்கள் எலுமிச்சைப் புல்லும், தாய்லாந்துக்காரர்கள் ஒருவகை எலுமிச்சை இலையும் கிள்ளிப் போடுவார்கள். தோட்டத்தில் நாரத்தை மரம் இருந்தால் அதன் கொழுந்து இலை இரண்டை நரம்பு உரித்து நூல்போல நறுக்கிப் போடலாம். நாரத்தை இலையை இடித்து வேப்பிலைக்கட்டி செய்த கைகளுக்கு அந்த மணம் புதிதல்ல.

சாஸ் கெட்டியாகி வாணலியின் ஓரத்தில் எண்ணெய் பிரியும்போது, ஒதுக்கி வைத்த அந்தக் கிண்ணத்தை எடுக்க வேண்டும். தேநீர் நிறத்தில் கால் கிண்ணம் காளான் தண்ணீர் இருக்கும். முதலில் வில்லனாக இருந்தது அதுதான். இப்போது தளர்த்துவதற்குப் பச்சைத் தண்ணீருக்குப் பதில் அதை ஊற்றிக் கிளறி, ஒரு கொதி வந்ததும் இறக்கி, பணியாரக் கல்லிலிருந்து எடுத்த சூட்டோடு காளானை அதில் தோய்த்துச் சாப்பிட்டால் ஆயிற்று. சாஸ் மிஞ்சினால் மறுநாள் காலை தோசைக்கு.